டெலிபோன் பாக்கி: ஒரு வக்கீல் குமாஸ்தா எழுதுவது

ரிஜிஸ்தர் தபால் திரும்பி வந்தால் கவரின் மேல் தபால்காரர் கையால் ஒரு வரி எழுதியிருப்பார். அந்த ஒரு வரியைப் படித்துச் சோறு தின்றவன் நான். ‘கதவு பூட்டியிருந்தது’ என்றால் பத்து நாள் கழித்து இன்னொரு தடவை அனுப்பலாம். ‘வாங்க மறுத்தார்’ என்றால் எங்கள் வக்கீல் சார் முகத்தில் சிரிப்பு வரும். சரியான விலாசத்துக்குப் போன தபாலை மறுத்தவர் நோட்டீஸைப் பெற்றுக்கொண்டவராகவே கணக்கு. ‘அப்படி ஒருவர் இல்லை’ என்றால் எனக்கு வேலை வந்துவிட்டது, சைக்கிளை எடுக்க வேண்டும். கூத்தாநல்லூர், முத்துப்பேட்டை, அதிராம்பட்டினம் பக்கத்துக் கவர்களில் மட்டும் அடிக்கடி ஒற்றைச் சொல் இருக்கும்: ‘வெளிநாடு’.

மன்னார்குடியில் ஒரு வக்கீல் ஆபீசில் 2001-லிருந்து குமாஸ்தாவாக இருக்கிறேன். சார் ஒரு தொலைபேசி நிறுவனத்துக்குப் பேனல் வக்கீலாக, அதாவது அவர்கள் கேஸ்களை நடத்தும் பட்டியலில் உள்ள வக்கீலாக இருந்தார். பின்னால் ஒரு செல்போன் கம்பெனியின் கேஸ்களும் வந்தன. பெயர்கள் இங்கே வேண்டாம். பாகப்பிரிவினை, கொலை கேஸ் என்று பார்க்கிற ஆபீஸ்காரர்கள் எங்களைக் கொஞ்சம் இளக்காரமாகத்தான் பார்ப்பார்கள். “என்னய்யா, இன்னைக்கு எத்தனை ரூவா கேஸு?” என்று கோர்ட் வாசல் டீக்கடையில் கேட்பார்கள். 640 ரூபாய், 1,120 ரூபாய், 2,300 ரூபாய். பெரும்பாலும் அவ்வளவுதான். அந்தச் சில்லறைகளுக்குப் பின்னால் அலைந்ததில் தெரிந்துகொண்டதை எழுதுகிறேன். வசூல் பண்ணுகிற நாற்காலியில் இருப்பவருக்கும் பயன்படும், நோட்டீஸைக் கையில் வைத்துக்கொண்டு முழிப்பவருக்கும் பயன்படும்.

ஒரு பாக்கி எங்களிடம் வருவதற்குள் ரொம்ப தூரம் நடந்து வந்திருக்கும். கடைசித் தேதி தாண்டினால் முதலில் வெளியே போகிற அழைப்புகளை நிறுத்துவார்கள். போனில் உயிர் இருக்கும், வருகிற கால் வரும், நாம் போட முடியாது. அப்புறம் வருவதும் நிற்கும். அதற்கும் அசையவில்லை என்றால் இணைப்பையே மூடி, டெபாசிட்டைப் பாக்கியில் கழித்து, மிச்சத்தைப் பட்டியலில் ஏற்றுவார்கள். அந்தப் பட்டியல்தான் எங்களுக்கு வரும். நான் சேர்ந்த புதிதில் வந்த முதல் பட்டியலில் 140 பெயர். இரண்டு நாள் உட்கார்ந்து ஒப்புகை அட்டை ஒட்டினேன்.

அந்த 140-ல் ஒருவர், வலங்கைமான் பக்கத்துக்காரர், நோட்டீஸைக் கையில் சுருட்டிக்கொண்டு நேரே ஆபீசுக்கு வந்துவிட்டார். பாக்கி 780 ரூபாய் என்று போட்டிருந்தோம். அவர் சட்டைப்பையிலிருந்து டெபாசிட் ரசீதை எடுத்து மேசையில் வைத்தார். ஆயிரம் ரூபாய். “தம்பி, கணக்குப் பாத்தா உங்க கம்பெனிதான் எனக்கு இருநூத்தி இருவது ரூவா தரணும். நான் எந்த வக்கீலைப் பாக்கிறது?” சார் உள்ளேயிருந்து எட்டிப் பார்த்துவிட்டு மறுபடி உள்ளே போய்விட்டார். அன்றிலிருந்து டெபாசிட் கழித்த கணக்கைப் பார்க்காமல் ஒரு நோட்டீஸும் டைப் பண்ணியதில்லை.

இன்னொரு தப்பு முழுக்க என்னுடையது. பட்டியலில் பாதிப் பேருக்குத் தகப்பன் பெயர் இருக்காது. நம் பக்கம் ஒரே தெருவில் நாலு பக்கிரிசாமி இருப்பார்கள். அதில் இரண்டு பேருக்கு இனிஷியலும் ஒன்றாக இருக்கும். கோர்ட்டிலிருந்து சம்மன் கொண்டுவந்த அமீனாவுக்கு வீடு காட்டப் போனவன், மேலத்தெருவுக்குப் பதில் கீழத்தெருவைக் காட்டிவிட்டேன். அந்த மனிதர் வயலிலிருந்து மண்வெட்டியோடு வந்தார். சம்மனைப் பார்த்தார், அமீனாவைப் பார்த்தார், கடைசியில் என்னைப் பார்த்தார். “நான் போனே வெச்சுக்கிட்டதில்லயே தம்பி. ஊரு முழுக்கப் பாத்துக்கிட்டு நிக்கிது பாரு” என்றார். அவர் சத்தம் போட்டிருந்தால்கூடப் பரவாயில்லை. அமீனா சம்மனில் ‘சார்பாகவில்லை’, அதாவது உரியவர் கையில் சேரவில்லை என்று எழுதிக்கொண்டு கிளம்பினார். சம்மன் அனுப்பும் கட்டணமான பேட்டாவை மறுபடி கட்டினோம், வாய்தா இரண்டு மாதம் தள்ளிப்போனது. விண்ணப்பப் படிவத்தின் நகல் இல்லாமல் விலாசத்தை நம்பக்கூடாது என்பது எனக்கு அப்படித்தான் புரிந்தது. படிவத்தில் தகப்பன் பெயர் இருக்கும், கையெழுத்து இருக்கும், பல நேரம் வீடு எந்தக் கோயிலுக்குப் பக்கம் என்றுகூட எழுதியிருப்பார்கள்.

வெளிநாட்டுக் கவருக்கு வருகிறேன். கூத்தாநல்லூரில் ஒரு வீடு. மகன் பெயரில் போன், மகன் குவைத்தில். வளைகுடாவுக்கு இங்கிருந்து ஐ.எஸ்.டி. போட்டுப் பேசிய காலத்து பில், ஒன்பதாயிரத்துச் சொச்சம். இரண்டு தடவை ‘வெளிநாடு’ என்றே கவர் திரும்பியது. மூன்றாவதாக நானே போனேன். அவருடைய தாயார் இருந்தார். திரைக்குப் பின்னாலிருந்து பேசினார், பேத்தியிடம் டீ கொடுத்து அனுப்பினார். பாக்கியை மறுக்கவே இல்லை. “பேசுனது நாந்தான் தம்பி. புள்ள குரலைக் கேக்காம இருக்க முடியல. மாசாமாசம் அஞ்சு நூறு தாரேன், வாங்கிக்கிறீங்களா?” என்றார். ஒரு காகிதத்தில் அப்படியே எழுதி, கீழே கையெழுத்தும் போட்டுக் கொடுத்தார். கையெழுத்து அரபுத் தமிழில், அதாவது அரபு எழுத்தில் எழுதும் தமிழில் இருந்தது. நான் பெரிய காரியம் சாதித்த மாதிரி அதை ஆபீசுக்குக் கொண்டுவந்தேன்.

சார் ஒரு நிமிஷம் பார்த்துவிட்டு, “போன் யாரு பேருல?” என்றார். மகன் பேரில். “அப்ப இது நமக்கு எதுக்கு?” என்று காகிதத்தைத் திருப்பிக் கொடுத்தார்.

இந்த இடத்தில் காலாவதிக் கணக்கைச் சொல்லியாக வேண்டும். இதில்தான் நிறைய பாக்கி செத்துப்போகிறது. கடன் வசூல் வழக்குக்குக் காலவரையறைச் சட்டம் கொடுப்பது மூன்று வருஷம். மத்திய அரசோ மாநில அரசோ தானே வாதியாக இருந்து வழக்குப் போட்டால் 30 வருஷம் உண்டு. அதைக் கேள்விப்பட்டுவிட்டுத்தான் ‘சர்க்கார் பாக்கி சாகாது’ என்று எல்லோரும் பேசுகிறார்கள். ஆனால் கம்பெனி என்று பதிவாகிவிட்டால், அதன் முழுப் பங்கும் அரசாங்கத்திடமே இருந்தாலும், மூன்று வருஷம்தான். பணம் கட்ட வேண்டிய தேதியிலிருந்து எண்ண வேண்டும். அந்த மூன்று வருஷம் முடிவதற்குள் பாக்கிக்காரர் ‘ஆமாம், தரவேண்டும்’ என்று எழுதிக் கையெழுத்துப் போட்டால், அந்தத் தேதியிலிருந்து இன்னொரு மூன்று வருஷம் கிடைக்கும். கொஞ்சம் பணம் கட்டி, கட்டியதற்குத் தன் கையெழுத்தில் எழுத்தும் கொடுத்தால் அதுவும் அப்படியே. ஆனால் கையெழுத்து கடன்பட்டவருடையதாக இருக்க வேண்டும், இல்லாவிட்டால் அவர் அதிகாரம் கொடுத்த ஆளுடையதாக இருக்க வேண்டும். தாய் என்பது மட்டும் போதாது.

சார் இன்னொன்றும் சொன்னார், நான் அதுவரை கேட்டதே இல்லை. பிரதிவாதி இந்தியாவை விட்டு வெளியே இருக்கிற காலத்தை இந்த மூன்று வருஷத்தில் சேர்க்கக்கூடாது என்று அதே சட்டத்தின் 15-வது பிரிவில் இருக்கிறது. அதாவது குவைத்தில் இருந்த வரைக்கும் கடிகாரம் ஓடவில்லை. வெளிநாடு போய்விட்டால் பாக்கி தானாகத் தீர்ந்தது என்று நினைக்கிறவர்கள் இதைத் தெரிந்துகொள்வது நல்லது. அந்த மகன் தங்கை கல்யாணத்துக்கு வந்தபோது ஆபீசுக்கே வந்து, ஒரே தடவையில் கட்டிவிட்டுப் போனார். அம்மா எழுதிய காகிதத்தைக் கேட்டு வாங்கிக்கொண்டார்.

பெரிய தொகை என்றால் அது காசு கொடுத்துப் பேசும் டெலிபோன் பூத்துகள்தான். நீடாமங்கலம் ரயில்வே கேட் தெரிந்தவர்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. கேட் மூடினால் இரண்டு பக்கமும் பஸ்ஸும் லாரியும் வரிசை கட்டி நிற்கும். அந்தப் பக்கத்தில் ஒருவர் மஞ்சள் போர்டு மாட்டி எஸ்.டி.டி. பூத் வைத்திருந்தார். கேட் மூடினால் அவருக்கு வியாபாரம். பஸ்ஸிலிருந்து இறங்கி, ‘லேட்டாகும், சாப்பாட்டை மூடி வை’ என்று வீட்டுக்குப் பேசுவார்கள். 2003 மே மாதத்திலிருந்து செல்போனில் வருகிற அழைப்புக்குக் காசில்லை என்று ஆனது. அப்புறம் கேட் மூடினால் எல்லோரும் அவரவர் பாக்கெட்டிலிருந்தே பேசினார்கள். பூத்துக்காரர் வசூலான காசை வீட்டுச் செலவுக்கு எடுத்துவிட்டார், பில் சேர்ந்துகொண்டே போனது. கடைசியில் 38,400 ரூபாய்.

2005-ல் வழக்குப் போட்டோம். அப்போது தமிழ்நாட்டில் பண வழக்குக்குக் கோர்ட் பீஸ் நூற்றுக்கு ஏழரை. 2,880 ரூபாய். 2017-ல்தான் அதை மூன்று சதவீதமாகக் குறைத்தார்கள். இன்றைக்கு அதே வழக்குக்கு 1,152 ரூபாய் போதும். பூத்துக்காரர் கோர்ட்டுக்கு வரவில்லை. எக்ஸ்பார்ட்டி ஆனது, தீர்ப்பு எங்கள் பக்கம். கம்பெனி ஆபீசில் சாருக்குக் கைகொடுத்தார்கள். அப்புறம் பூத்துக்காரர் ஒரு வக்கீலை வைத்து அந்தத் தீர்ப்பை ரத்து செய்யக் கேட்டு மனுப் போட்டார். அதில் ஒன்றரை வருஷம் போனது. மனு தள்ளுபடியானதும் நாங்கள் இ.பி. போட்டோம், அதாவது தீர்ப்பை நிறைவேற்றக் கேட்கும் மனு.

ஜப்திக்கு அமீனாவோடு போன நாள் எனக்கு நன்றாக ஞாபகம் இருக்கிறது. பூத்தில் ஒரு கண்ணாடிக் கூண்டு, அதில் ஒரு பக்கக் கண்ணாடி விரிசல் விட்டு செலோடேப் ஒட்டியிருந்தது. காசு காட்டுகிற சிவப்பு எழுத்து மீட்டர் ஒன்று, ஓடாதது. ஒரு மேசை விசிறி. ஒயர் பின்னிய நாற்காலி ஒன்று. அந்த நாற்காலியில் அவருடைய மகள் உட்கார்ந்து வீட்டுப்பாடம் எழுதிக்கொண்டிருந்தாள். எங்களைப் பார்த்ததும் எழுந்து நின்று, “உக்காருங்க மாமா” என்று அமீனாவிடம் சொன்னாள். அமீனா உட்காரவில்லை. விசிறிக்கு ஐம்பது, மீட்டர் ஒன்றுமில்லை, கூண்டைக் கழற்றக் கூலி அதன் விலையைவிட அதிகம் என்று கணக்குப் பார்த்தார். ‘ஜப்தி செய்யத்தக்க அசையும் சொத்து இல்லை’ என்று எழுதிக்கொண்டு, என்னை ஒரு டீ வாங்கித்தரச் சொன்னார். வீடு மாமனார் பெயரில் இருந்தது.

கைது கேட்டு இன்னொரு இ.பி. போட்டோம். கைது என்ற வார்த்தைக்கு எல்லோரும் நடுங்குகிறார்கள், அதனால் விவரமாகச் சொல்கிறேன். டெலிபோன் பாக்கி குற்றம் கிடையாது, போலீஸ் வராது. சிவில் கோர்ட் சிறை என்று ஒன்று உண்டு. ஆனால் தீர்ப்புத் தொகை 2,000 ரூபாய்க்குள் இருந்தால் அதற்கு வழியே இல்லை. அதற்கு மேலே போனாலும், கையில் வசதி இருந்தும் கொடுக்காமல் ஏமாற்றுகிறார் என்று நாங்கள் காட்ட வேண்டும். இல்லாதவரைச் சிறையில் போடக்கூடாது என்று உச்ச நீதிமன்றம் 1980-லேயே சொல்லிவிட்டது. அதேபோல விவசாயியின் கலப்பை, மாடு, விதைநெல், அவர் குடியிருக்கும் வீடு இவற்றையும் ஜப்தி பண்ண முடியாது. நம் பக்கத்தில் பாதிப் பேரிடம் இருப்பதே இவ்வளவுதான். நீதிபதி பூத்துக்காரரைச் சாட்சிக் கூண்டில் ஏற்றி வருமானத்தைக் கேட்டார். அப்போது அவர் ஒரு டீக்கடையில் மாஸ்டர். மனு தள்ளுபடி. செக் கொடுத்து, அது பணமில்லாமல் திரும்பியிருந்தால் மட்டும் வேறு கதை. அது குற்ற வழக்காகப் போகும். திரும்பிய தகவல் வந்த 30 நாளுக்குள் நோட்டீஸ், நோட்டீஸ் கிடைத்த 15 நாளுக்குள் பணம் வராவிட்டால் அடுத்த ஒரு மாதத்துக்குள் புகார். நோட்டீஸ் ஒரு நாள் பிசகினாலும் அந்த வழக்கு நிற்காது, புகார் பிசகினால் மன்னிப்பு கேட்டு மனுப் போட வேண்டிவரும்.

கடைசியில் மக்கள் நீதிமன்றத்தில் 18,000-த்துக்குப் பேசி முடித்தோம். ஆறு தவணை. ஐந்து கட்டினார். ஆறாவதை யாரும் கேட்கவில்லை, நானும் ஞாபகப்படுத்தவில்லை.

இதை ஏன் இவ்வளவு விஸ்தாரமாகச் சொல்கிறேன் என்றால், சமரசத்துக்காகக் கட்டுக் காகிதங்களை எல்லாம் நகல் எடுத்தபோது மூன்றாவது பக்கத்தில் ஒரு இன்லாண்ட் லெட்டர் இருந்தது. வழக்குப் போடுவதற்கு எட்டு மாதம் முன்னால் பூத்துக்காரர் எழுதியது. ‘மாதம் 2,000 ரூபாய் வீதம் கட்டுகிறேன், அனுமதி தரவும்.’ யாரும் பதில் போடவில்லை. நம்பர் குத்திக் கட்டில் சேர்த்திருந்தார்கள், அவ்வளவுதான். பதில் போட்டிருந்தால் இருபது மாதத்தில் முழுப் பணமும் வந்திருக்குமோ என்னவோ, பாதியாவது வழக்கில்லாமல் வந்திருக்கும். நான் சாரிடம் காட்டினேன். சார் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். அதற்கப்புறம் எங்கள் நோட்டீஸின் கடைசிப் பத்தியில் ‘தவணையில் செலுத்த விரும்பினால் 15 நாளுக்குள் எழுத்தில் தெரிவிக்கவும்’ என்று ஒரு வரி ஏறியது. அந்த ஒரு வரிக்கு வருகிற பதில் கடிதம், கடனை ஒப்புக்கொண்ட எழுத்தாகவும் இருக்கும். காலாவதிக்கும் அது மருந்து.

நாங்கள் தோற்ற கேஸ் ஒன்று. ஓய்வு பெற்ற தலைமையாசிரியர் ஒருவர், பாக்கி 4,150 ரூபாய். 2008 நவம்பரில் நிஷா புயல் வந்து டெல்டா முழுக்கத் தண்ணீரில் கிடந்தது. அவர் வீட்டு லைன் நாற்பது நாள் செத்துக் கிடந்திருக்கிறது. பில்லில் அந்த நாற்பது நாளுக்கும் வாடகை போட்டிருந்தார்கள். வாடகையோடு விட்டிருந்தால்கூடச் சமாளித்திருக்கலாம், அந்த நாட்களில் எஸ்.டி.டி. கால் போட்டதாகவும் இருந்தது. அவர் மூன்று கடிதம் எழுதி, மூன்றுக்கும் போஸ்ட் ஆபீஸ் முத்திரை குத்திய சர்டிபிகேட் ஆப் போஸ்டிங் சீட்டை ஒரு நோட்டில் ஒட்டி வைத்திருந்தார். வாத்தியார் அல்லவா.

2011-ல் போட்ட வழக்கு 2015-ல்தான் விசாரணைக்கு வந்தது. கம்பெனி ஆபீசர் சாட்சிக் கூண்டில். எதிர்த்தரப்பில் சின்ன வயது வக்கீலம்மா. பில் நகலைக் கையில் தூக்கிப் பிடித்து, “இது நீங்க எடுத்ததா?” என்றார். “ஆபீஸ் கம்ப்யூட்டர்ல எடுத்தது.” “அந்தக் கம்ப்யூட்டர் யார் பொறுப்புல இருக்கு?” “அது... செக்‌ஷன்ல இருக்கு.” “65பி சர்டிபிகேட் தாக்கல் பண்ணியிருக்கீங்களா?” ஆபீசர் எங்கள் சாரைப் பார்த்தார். சார் என்னைப் பார்த்தார். நான் மேலே ஓடிக்கொண்டிருந்த பேனைப் பார்த்தேன்.

கம்ப்யூட்டரில் எடுத்த காகிதத்தைச் சாட்சியமாகக் காட்ட, அது எந்த இயந்திரத்தில் எப்படி எடுக்கப்பட்டது என்று பொறுப்பானவர் சான்று கொடுக்க வேண்டும் என்பது சாட்சியச் சட்டத்தின் 65பி பிரிவு. அது கட்டாயம் என்று உச்ச நீதிமன்றம் 2014-ல் அடித்துச் சொல்லிவிட்டது. 2024 ஜூலையிலிருந்து புதிய சாட்சியச் சட்டம் வந்து, அது 63-வது பிரிவாகியிருக்கிறது. இப்போது படிவத்தில், கோப்பு மாற்றப்படவில்லை என்று காட்டும் ஹாஷ் எண்ணும் எழுத வேண்டும், நிபுணர் ஒருவரின் கையெழுத்தும் வேண்டும். போன் பில் என்பதே கம்ப்யூட்டர் காகிதம்தான். அந்தச் சான்று இல்லாமல் போனால் கையில் ஒன்றும் இல்லாமல் போன மாதிரி.

வழக்கு செலவுத்தொகையோடு தள்ளுபடியானது. வெளியே வந்ததும் தலைமையாசிரியர் ஆபீசரிடம் போய், “போன்காரங்க மேல எனக்கு ஒண்ணும் கோவமில்ல சார். ஒரு லெட்டருக்காச்சும் பதில் போட்டிருக்கலாம்ல?” என்றார். பழுது மூன்று நாளைத் தாண்டினால் வாடகையில் கழிவு தர வேண்டும் என்று தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையமான டிராயின் விதியே இருந்தது. அதைக் கழித்துப் பில் போட்டிருந்தால் அவர் மிச்சத்தைக் கட்டியிருப்பார் என்றுதான் இன்றும் நினைக்கிறேன்.

இத்தனைக்கும் பிறகு, ஐயாயிரத்துக்குக் கீழே உள்ள பாக்கிக்கு வழக்கே போடுவதில்லை என்று சார் கம்பெனியிடம் சொல்லிவிட்டார். நேரே மக்கள் நீதிமன்றம்தான். வழக்காவதற்கு முந்தைய நிலையிலேயே அங்கே கொண்டுபோகலாம், கோர்ட் பீஸ் கிடையாது. வழக்குப் போட்ட பிறகு அங்கே முடிந்தால் கட்டிய பீஸும் திரும்பி வரும். வட்ட சட்டப் பணிகள் குழுவில் பட்டியலைக் கொடுத்தால் அவர்களே நோட்டீஸ் அனுப்புவார்கள். தேசிய மக்கள் நீதிமன்றம் வருஷத்துக்கு நாலு முறை, பெரும்பாலும் இரண்டாவது சனிக்கிழமையில் நடக்கிறது.

இதில் நான் கண்டுபிடித்த ஒரு விஷயத்தைக் கம்பெனி மேலாளர்களுக்குப் புரியவைக்க எனக்கு ஐந்து வருஷம் ஆனது. மார்ச்சில் நடக்கும் அமர்வுக்கு ஆட்கள் பணத்தோடு வருவார்கள். தையில் சம்பா அறுத்து, கொள்முதல் நிலையத்தில் நெல்லைப் போட்டு, காசு பாங்கியில் ஏறியிருக்கும். ஆனி மாதத்தில் கூப்பிட்டால் அதே ஆள் ‘பாக்கலாம் சார்’ என்பார். வழக்கமாக ஜூன் 12-ல் திறக்கிற மேட்டூர் அணையைத் திறந்தார்களா, தண்ணீர் கடைமடைக்கு வருமா என்று வானத்தையும் பேப்பரையும் பார்த்துக்கொண்டிருக்கிற நேரம். கையில் இருப்பது விதைக்கும் உழவுக்கும். அப்போது பழைய போன் பில்லைக் கேட்டால் மரியாதையாகப் பேசுவதே பெரிது. 2018 நவம்பரில் கஜா புயல் தென்னையைச் சாய்த்த பிறகு, முத்துப்பேட்டைப் பக்கம் ஒரு வருஷம் நோட்டீஸே அனுப்ப வேண்டாம் என்று சார் எழுதினார். தலைமை அலுவலகம் கேட்கவில்லை. அனுப்பினோம், கவர்கள் எல்லாம் ஒழுங்காக வாங்கப்பட்டன, ஒருவரும் வரவில்லை.

நோட்டீஸ் வாங்கியவர்களுக்கு ஒன்று. மக்கள் நீதிமன்றத்திலிருந்து வருவது சமரசத்துக்கு அழைப்பு. போகாவிட்டால் வாரண்ட் எல்லாம் வராது. ஆனால் போவது லாபம். வட்டியை விட்டுவிடுவார்கள், பல சமயம் அசலிலும் குறைப்பார்கள். குறைத்துக் கேளுங்கள், அதற்குத்தான் அந்த நாற்காலிகள் போட்டிருக்கின்றன. ஒத்துக்கொண்டு கையெழுத்துப் போட்டால் அது சிவில் கோர்ட் தீர்ப்புக்குச் சமம், அப்பீல் கிடையாது. ஆகவே தொகையைப் பார்த்துவிட்டுக் கையெழுத்துப் போடுங்கள். ‘நிரந்தர மக்கள் நீதிமன்றம்’ என்று தலைப்பில் இருந்தால் கவனம் வேண்டும். தொலைபேசி போன்ற பொதுப் பயன்பாட்டுச் சேவைகளுக்கான அமைப்பு அது. சமரசம் ஆகாவிட்டால் அவர்களே தீர்ப்புச் சொல்ல அதிகாரம் உண்டு. அதற்குப் போகாமல் இருப்பது புத்திசாலித்தனம் இல்லை. இறந்துபோன அப்பா பெயரில் நோட்டீஸ் வந்தால், அவர் விட்டுப்போன சொத்தில் உங்கள் கைக்கு வந்த அளவுக்குத்தான் பொறுப்பு. உங்கள் சம்பளத்திலிருந்து கட்ட வேண்டும் என்று யாரும் சொல்ல முடியாது. போன் பில் தகராறுக்கு நுகர்வோர் ஆணையத்துக்குப் போக முடியாது, தந்திச் சட்டத்தின் 7பி பிரிவுப்படி நடுவர்தான் என்று நாங்களே ஒரு காலத்தில் வாதாடியிருக்கிறோம். உச்ச நீதிமன்றத்தின் 2009 தீர்ப்பு அப்படித்தான் இருந்தது. 2022 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் அந்தத் தடையை எடுத்துவிட்டது, போகலாம்.

செல்போன் காலத்தில் பாக்கியின் முகமே மாறிவிட்டது. கவர் எங்கிருந்தோ வரும், இங்கிலீஷில் இருக்கும், வசூல் ஏஜென்சிக்காரன் போனில் மிரட்டுவான். திருத்துறைப்பூண்டிப் பக்கம் என் அக்கா வீட்டுக்கு எதிர்வீட்டு அம்மா, நடவு, களை என்று வேலைக்குப் போகிறவர், ஒரு நாள் அப்படி ஒரு கவரைப் பிளாஸ்டிக் பையில் சுற்றி எடுத்துவந்தார். போஸ்ட்பெய்ட் பாக்கி 11,460 ரூபாய். “தம்பி, என்கிட்ட இருக்கிறது பட்டன் போனு. நூத்தி சொச்சம் ரூவாய்க்கு ரீசார்ஜ் பண்ணுறேன். இது என்ன தம்பி?” கையைப் பார்த்தேன், நகக்கண்ணில் சேறு இன்னும் இருந்தது. வயலிலிருந்து நேரே வந்திருக்கிறார்.

விசாரித்ததில், கடைத்தெருவில் குடை போட்டு சிம் விற்றவனிடம் ஆதார் ஜெராக்ஸும் போட்டோவும் கொடுத்திருந்தார். ஒரு சிம் வாங்கியதற்கு இரண்டு ஜெராக்ஸ் கேட்டானாம். சார் காசு வாங்காமல் பதில் நோட்டீஸ் எழுதிக் கொடுத்தார். அதில் வாதம் எதுவும் இல்லை, கேட்டதெல்லாம் நாலு காகிதம்: விண்ணப்பப் படிவம், அதில் ஒட்டிய போட்டோ, பில் அனுப்பிய விலாசம், கால் விவரம். இரண்டு தடவை ஞாபகக் கடிதம் போட்ட பிறகு படிவம் வந்தது. பெயர் அவருடையது, போட்டோ யாரோ ஒரு ஆண்பிள்ளை. நம் பெயரில் எத்தனை எண் ஓடுகிறது என்று பார்க்க இப்போது அரசின் சஞ்சார் சாத்தி தளம் இருக்கிறது, அங்கேயே ‘இது என்னுடையதில்லை’ என்று சொல்லவும் முடியும். அந்தம்மாவுக்கு அதையும் பார்த்துச் சொன்னேன். இன்னொரு எண்ணும் இருந்தது.

கம்பெனி பாக்கியைத் தள்ளிவிட்டதாகப் போனில் சொன்னார்கள். நான் சரி என்று விட்டிருப்பேன். அந்தம்மா விடவில்லை. “வாயால சொல்றத நான் எங்க தம்பி போய்க் காட்டுவேன்? எழுதித் தரச் சொல்லுங்க” என்றார். ஒரு மாதம் கழித்து ‘நிலுவை இல்லை’ என்று கடிதம் வந்தது. அடுத்த முறை அக்கா வீட்டுக்குப் போனபோது பார்த்தேன், அதை லேமினேட் பண்ணி, ரேஷன் கார்டுக்கும் வேலை உறுதித் திட்ட அட்டைக்கும் நடுவில் வைத்திருந்தார்.